காதில் வாங்கிய வசனம்

"சின்னவன் வந்தாச்சா?" என்று ஒலிப்பதிவுக் கூடத்தின் கதவைத் தள்ளிக்கொண்டு யாராவது கேட்டால், நாற்பதைத் தாண்டி, காதோரம் நரைத்த ஒரு பெண் கைப்பையை நாற்காலியில் வைத்துவிட்டு, "வந்தாச்சு, வந்தாச்சு, ஊரைக் கூட்டாதீங்க" என்று எழுந்து வருவாள். புதிதாக வந்தவர்கள் அவளுக்குப் பின்னால் பையன் யாராவது நிற்கிறானா என்று எட்டிப் பார்ப்பார்கள். பையன் அவள் தொண்டைக்குள் இருந்தான்.

வேறு மொழியில் எடுத்த படங்களுக்கும் கார்ட்டூன் தொடர்களுக்கும் நம் மொழியில் குரல் கொடுக்கும் இடம் அது. நிஜப் பையன்களை வைத்துப் பேச வைத்தால் இரண்டு வருஷத்தில் குரல் உடைந்து, ஆட்டுக்கடாவாகிவிடுவான்கள். இவளுக்கு உடையவே இல்லை. அழச் சொன்னால் அழுவாள், மூக்கை உறிஞ்சச் சொன்னால் உறிஞ்சுவாள், பல் விழுந்த பையன் பேசுவதுபோல் காற்றுவிட்டுப் பேசுவாள். அதனால் அவளுக்கு அந்தப் பேர் ஒட்டிக்கொண்டது. வீட்டில்கூட அண்ணன் அப்படித்தான் கூப்பிட்டார்.

அவளோடு எப்போதும் அவள் அண்ணி வருவாள். கையில் ஒரு தண்ணீர் பாட்டில், மடியில் ஒரு துவாலை. மைக் இருக்கும் சின்னக் கண்ணாடி அறைக்குள் சின்னவன் நின்றால், அண்ணி பக்கத்தில் ஒரு முக்காலி போட்டு உட்கார்ந்துகொள்வாள். கேட்டவர்களிடம், "இவளுக்குத் தொண்டை வறண்டுடும். தண்ணி குடுக்க ஆள் வேணும்" என்பாள். இவ்வளவு பெரிய மனுஷிக்குத் தண்ணீர் ஊட்ட ஓர் ஆளா என்று இரண்டொருவர் சிரித்தார்கள். பிறகு விட்டுவிட்டார்கள். அந்தத் தொழிலில் அதைவிடப் பெரிய கிறுக்குகளை எல்லாரும் பார்த்திருந்தார்கள். ஒருவர் செருப்பு போட்டால் குரல் வராது என்பார். இன்னொருவர் விளக்கை அணைத்தால்தான் அழுவார்.

தண்ணீர் ஒரு சாக்கு. திரையில் பையன் வாயைத் திறப்பதற்குச் சற்று முன்னால், அண்ணி தாளைப் பார்த்து வசனத்தை அவள் காதோரம் கிசுகிசுப்பாள். அவள் அதை வாங்கி, உயிர் கொடுத்து, மைக்கில் விடுவாள். கையில் அவளும் ஒரு தாள் வைத்திருப்பாள். மற்றவர்கள் பக்கம் திருப்பும்போது அவளும் திருப்புவாள்.

சின்னவனுக்கு வாசிக்க வராது.

எழுத்துத் தெரியாது என்று சொல்ல முடியாது. ஒவ்வோர் எழுத்தாகக் காட்டி, இது என்ன என்று பொறுமையாகக் கேட்டால் சொல்வாள். ஒரு வரியாகச் சேர்த்து வைத்தால்தான் வம்பு. கொம்பு முன்னால் நிற்கிறது, அதன் சத்தம் பின்னால் வருகிறது. மற்றப் பிள்ளைகள் அதை ஒரு படியைத் தாண்டுவதுபோல் தாண்டிப் போனார்கள். அவள் அந்தப் படியிலேயே நின்று, இது எதற்கு இங்கே நிற்கிறது என்று யோசித்தாள். யோசித்து முடித்துச் சொல்லின் வாலைப் பிடிப்பதற்குள் தலை மறந்துபோனது.

சின்ன வகுப்புகளில் அது யாருக்கும் தெரியவில்லை. அண்ணன் அவளைவிட ஒரு வகுப்பு மேலே. அப்பாவின் கட்டளைப்படி அவர் தினமும் பாடத்தை வீடு அதிரப் படிக்க வேண்டும். பக்கத்தில் படுத்துக்கொண்டு பொம்மைக்குத் தலை சீவியபடி இவள் கேட்பாள். அடுத்த வருஷம் அதே பாடம் இவளுக்கு வரும்போது, முதல் நாளே அட்சரம் பிசகாமல் ஒப்பிப்பாள். ஒருநாள் டீச்சர் அருகே வந்து பார்த்தபோது, இவள் வாய் ஒரு பாடத்திலும் புத்தகம் வேறொரு பாடத்திலும் இருந்தது. டீச்சர் அம்மாவைக் கூப்பிட்டு அனுப்பினார்.

"உங்க பொண்ணு படிக்காமலே ஒப்பிக்கிறா."

"நல்லதுதானே டீச்சர்?" என்றாள் அம்மா.

பிறகு பாடப்புத்தகங்களை மாற்றினார்கள். அண்ணன் படித்தது ஒன்று, இவளுக்கு வந்தது ஒன்று. அந்த வருஷத்திலிருந்து அவள் மக்கு. அதற்கு முந்தைய வருஷம்வரை கெட்டிக்காரி. இடையில் அவளுக்குள் எதுவும் மாறவில்லை. அம்மா கொழுப்பு என்றாள், அப்பா கண் டாக்டரிடம் கூட்டிப்போனார், டாக்டர் கண் வெகு சுத்தம் என்றார். கண் சுத்தமாக இருந்ததால் கொழுப்பு என்பது உறுதியாயிற்று.

இதெல்லாம் வீட்டோடு இருந்தது. வெளியில் யாராவது தாளை நீட்டினால், "கண்ணாடியை மறந்துட்டேனே" என்பாள். பார்வையில் கோளாறே இல்லாத அவள், மறப்பதற்காகவே ஒரு கண்ணாடி வாங்கி வைத்திருந்தாள்.

இத்தனை வருஷமாக அவள் கதாநாயகனின் தம்பி, பக்கத்து வீட்டுப் பையன், கூட்டத்தில் ஐயோ என்று கத்தும் பிள்ளை. இந்தத் தடவைதான் கதாநாயகன். மலைக்கு மேலே தனியாக வாழும் ஒரு பையனும், குகையில் தூங்கும் டிராகனும், நீளத் தொடர். நான்கைந்து பேரைப் பேச வைத்துப் பார்த்துவிட்டு, இவளைத்தான் எடுத்தார்கள். எடுத்தவர் புது இயக்குநர், சின்ன வயசு. எவ்வளவு நன்றாகப் பேசினாலும் "ஒன் மோர்" என்பார் என்பதால், அவருக்கு முதல் வார வேலையிலேயே ஒன்மோர் என்று பேர் விழுந்தது.

அதே வாரம் அண்ணி பெட்டி கட்டினாள். மகளுக்குப் பிரசவம்; மகள் இருப்பது விமானம் ஏறிப் போகவேண்டிய தூரத்தில்.

"போகாம இருக்க முடியுமா சொல்லு? தலைப் பிரசவம்."

"போகாதீங்கன்னு நான் சொன்னேனா அண்ணி?"

"வாயால சொல்லல. மூஞ்சி சொல்லுது."

"என் மூஞ்சியையாவது படிக்கத் தெரிஞ்ச ஆள் ஒண்ணு இருக்கே."

"உங்க அண்ணனைக் கூட்டிட்டுப் போயேன்."

"அவரா? ஒரு வரி படிச்சுட்டு அதுக்கு ரெண்டு வரி அபிப்பிராயம் சொல்வார். பையன் பேசறதா, அண்ணன் பேசறதான்னு தெரியாது."

கடைசியில் அண்ணியே வழி கண்டுபிடித்தாள். முதல் சில பாகங்களின் வசனம் மொத்தமாக வந்திருந்தது. சாப்பாட்டு மேசையில் தாள்களைப் பரப்பி, போனில் பதிவை ஓடவிட்டு, பையனின் வரிகளை வரிசையாகப் படித்துப் போட்டாள். அண்ணிக்கு ஏற்ற இறக்கம் கிடையாது. வீட்டுக்குத் தீப்பிடித்தாலும் கீரை விலை சொல்வதுபோல்தான் சொல்வாள். டிராகனைப் பார்த்து, "அடேயப்பா எவ்வளவு பெரிசு" என்பதையும் அதே குரலில்தான் படித்தாள். சின்னவனுக்கு அது போதும். வசனம் மட்டும் வந்தால் போதும், மற்றதை அவள் பார்த்துக்கொள்வாள்.

அண்ணி விமானம் ஏறினாள். சின்னவன் காதில் செருகிக்கொண்டு பஸ்ஸில் கேட்டாள், காய் நறுக்கும்போது கேட்டாள், கூடத்தின் கழிப்பறையில் கதவைச் சாத்திக்கொண்டு கேட்டாள். கண்ணாடி அறைக்குள் அவள் இப்போது தனி ஆள். திரையில் பையன் வாய் திறந்தான், அவள் பேசினாள். முதல் பாகம் அலுங்காமல் முடிந்தது. இரண்டாவதும். "என்னக்கா, தாளையே பார்க்க மாட்டேங்கறீங்க!" என்றார் ஒன்மோர் ஆச்சரியமாக.

"பார்த்துக்கிட்டே பேசினா பையன் பேசற மாதிரி இருக்காது சார். பையன் என்ன தாள் வச்சுக்கிட்டா பேசறான்?" என்றாள். அவளுக்கே அந்தப் பதில் பிடித்திருந்தது.

மூன்றாம் பாகத்தில்தான் பையன் குகைக்குள் போகிறான். டிராகன் தூங்குகிறது. மூக்கிலிருந்து புகை. பையன் கிட்டே போய், "ஏய் குண்டு, எழுந்திரு. நான் உன்னைக் கண்டு பயப்பட மாட்டேன்" என்கிறான். டிராகன் ஒரு கண்ணைத் திறக்கிறது. பையன் ஓரடி பின்வாங்குகிறான். அவன் வாய் இன்னும் அசைந்துகொண்டே இருக்கிறது. சின்னவன் அந்த இடத்தில் குரலைச் சற்றே தணித்து, மரியாதையோடு கேட்டாள்:

"அடுப்பை அணைச்சீங்களா இல்லையா? தீயிற வாசனை வருதே."

கண்ணாடிக்கு அந்தப்பக்கம் அவள் திரும்பிப் பார்த்தாள். ஒலிப்பதிவாளர் தன் பெரிய தலையைக் குனிந்து பொத்தான்களின்மேல் வைத்திருந்தார், தோள் குலுங்கியது. ஒன்மோர் நாற்காலியிலிருந்து எழுந்து நின்றிருந்தார்.

"அக்கா, அது என்ன?"

"எது சார்?"

"அடுப்பு! வசனத்துல அப்படி இல்லையே!"

அவளுக்கு அப்போதுதான் உறைத்தது. அண்ணி படித்துக்கொண்டிருந்திருக்கிறாள். உள்ளே அண்ணன் பாலையோ எதையோ அடுப்பில் வைத்துவிட்டு மறந்திருக்கிறார். அண்ணி தாளிலிருந்து தலையைத் தூக்காமல், குரலையும் மாற்றாமல், கேட்டிருக்கிறாள். சின்னவனுக்கு அதுவும் ஒரு வசனம். நல்ல வசனமாகவும் பட்டது. அதுவரை 'ஏய், குண்டு' என்ற பையன், கண் திறந்ததும் 'நீங்க'வுக்கு மாறிவிட்டானே, பயல் பயந்துவிட்டான் என்று நினைத்து, அந்தப் பயத்தையும் குரலில் சேர்த்திருந்தாள். பையனின் வாய் அசைவுக்கும் அது கச்சிதமாக இருந்தது.

"சரி சார், தப்பு. எடுத்துடுங்க. ஒன் மோர்."

"ஒன் மோரா? கை வைச்சா கையை முறிச்சிடுவேன்" என்றார் ஒன்மோர். ஒலிப்பதிவாளரிடம் மறுபடி ஓட்டச் சொன்னார். புகை விடும் டிராகனைப் பார்த்துப் பையன் அடுப்பை விசாரித்தான். மறுபடி ஓட்டினார்கள். டீ கொண்டுவந்தவரைக் கூப்பிட்டுக் காட்டினார்கள். பக்கத்துக் கூடத்தில் காதல் காட்சியில் அழுதுகொண்டிருந்த பெண்ணையும் இழுத்துவந்து காட்டினார்கள்.

"இத்தனை நாளா எங்க ஒளிச்சு வச்சிருந்தீங்க இதை? எழுதினவருக்கு இந்த மாதிரி ஒண்ணு தோணலையே!"

சின்னவன் சிரித்தாள். அவளும் எல்லாரோடும் சேர்ந்து சிரித்ததுதான் பிசகு. ஒன்மோர் பையிலிருந்து ஒரு கட்டுத் தாளை எடுத்து அவள் கையில் வைத்தார்.

"மீதிப் பாகமெல்லாம் இதுல இருக்கு. பையன் பேசறதையெல்லாம் ஒரு தடவை பாருங்க. எங்கெல்லாம் சப்புனு இருக்கோ அங்க உங்க கைவரிசையைப் பக்கத்துலயே எழுதிடுங்க. எழுதினவர்கிட்ட நான் பேசிக்கறேன். உங்க பேரும் வரும், வசன உதவின்னு."

கட்டு கனமாக இருந்தது.

அன்று சாயங்காலம் அண்ணிக்குப் போன் போட்டாள். அந்தப்பக்கம் பச்சைக் குழந்தையின் அழுகை.

"பேத்தி கத்தறா பாரு, உன்னைவிட நல்லா கத்தறா. வேலைக்குச் சேர்த்துக்குவாங்களா?"

சின்னவன் நடந்ததைச் சொன்னாள். அண்ணி சிரிக்கவில்லை. அவளுக்குச் சிரிப்பும் கீரை விலைதான்.

"பால் தீயிற வாசனைன்னு நான்தானே கேட்டேன். உங்க அண்ணன் அணைக்கவே இல்ல. பாத்திரம் போச்சு."

"பாத்திரம் கிடக்கட்டும் அண்ணி. இந்தக் கட்டை என்ன பண்றது?"

"பக்கம் பக்கமாப் படம் எடுத்து அனுப்பு. நான் படிக்கறேன், நீ சொல்லு, நான் எழுதி அனுப்பறேன். நீ பார்த்து எழுதிடு."

"பார்த்து எழுதினா என் கையெழுத்து எப்படி இருக்கும்னு தெரியும்ல உங்களுக்கு?"

தெரியும். வரைந்ததுபோல் இருக்கும். ஒரு பக்கத்துக்கு ஒரு பகல் ஆகும்.

அண்ணி குழந்தையைத் தட்டிக்கொடுக்கும் சத்தம் கேட்டது. பிறகு, "சொல்லித் தொலைச்சிடேன்" என்றாள்.

"சொன்னா கதாநாயகன் போயிடுவான்."

"போனா தம்பி வேஷம் இருக்கில்ல."

"தம்பியாவே செத்துப்போகணுமா நான்?"

"எனக்குத் தெரியல தாயே. நான் வர ரெண்டு மாசமாகும். அதுவரைக்கும் தாங்குமா உன் பொய்?"

தாங்கவில்லை. மறுநாள் காலையிலேயே ஒன்மோர் டீ மேசைக்கு வந்து அவள் எதிரில் உட்கார்ந்தார். கையில் ஒரு பென்சில்.

"அக்கா, முழுசும் அப்புறம் பாருங்க. இந்த ஒரு பக்கம் மட்டும் இப்பவே வேணும். இன்னைக்கு எடுக்கணும். பையன் மழையில நனைஞ்சிட்டு வரான், ஏதோ சொல்றான், சப்புனு இருக்கு. அடிச்சிட்டு மேலேயே எழுதுங்க."

"அச்சச்சோ, கண்ணாடியை மறந்துட்டேனே சார்."

ஒன்மோர் அவளை ஏற இறங்கப் பார்த்தார். "தலைமேல இருக்கே அக்கா."

அவள் தலையைத் தடவினாள். இருந்தது. எடுத்துப் போட்டுக்கொண்டாள். தாளைப் பார்த்தாள். மேலிருந்து கீழே அத்தனையும் எழுத்து. ஒவ்வொன்றும் அவளுக்குத் தெரிந்த முகம்தான். கூட்டமாக நின்றால் யாரும் யாரென்று தெரியவில்லை. பென்சில் கையில் இருந்தது. சும்மா ஒரு வரியை அடித்துவிட்டு, வாயால் ஒன்று சொல்லி, "நீங்களே எழுதிக்கங்க சார், என் கையெழுத்து கோழி கிளறின மாதிரி" என்று தப்பித்துவிடலாம். எந்த வரியை அடிப்பது? டிராகன் வரியை அடித்துவிட்டால்?

"எனக்கு வாசிக்க வராது சார்" என்றாள்.

"பவர் கூடிடுச்சா? எங்க அம்மாவுக்கும் இப்படித்தான், ஆறு மாசத்துக்கு ஒருதரம் மாத்தணும்."

"கண்ணுல ஒண்ணும் இல்ல. வாசிக்கத்தான் வராது. சின்ன வயசுலேர்ந்து."

ஒன்மோர் முதலில் சிரித்தார். நேற்றைய அடுப்பைப்போல் இதுவும் ஒன்று என்று நினைத்திருக்கலாம். அவள் பையன் குரலில் பேசவில்லை என்பது மெல்லத்தான் அவருக்குத் தெரிந்தது.

"அப்ப இத்தனை பாகம் எப்படிப் பேசினீங்க?"

"அண்ணி போன்ல படிச்சுக் குடுத்தாங்க. கேட்டு வச்சுக்கிட்டேன்."

"அந்த அடுப்பு?"

"அது எங்க அண்ணன் வச்ச பாலு."

பக்கத்தில் டீயை ஊதிக்கொண்டிருந்த ஒலிப்பதிவாளருக்குப் புரையேறிவிட்டது. இருமி முடித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டு அவளைப் பார்த்தார்.

"சொல்லிட்டியா ஒரு வழியா?"

"அண்ணே, உங்களுக்குத் தெரியுமா?"

"ஏம்மா, அது மைக்கா, மாட்டுக் கொம்பா? ஈ பறந்தா விழும். உங்க அண்ணி பக்கத்துல உக்காந்து ஓதறது விழாதா? நீ பேசின ஒவ்வொரு படத்துலயும், நீ பேசறதுக்கு முன்னாடி இருக்கற அந்தக் கிசுகிசுவை வெட்டி வெட்டி எடுத்தது யாருன்னு நெனச்சே? அந்தம்மா குரல் என் கனவுலகூட வருது. எங்க வீட்டுக்காரி சந்தேகப்படறா."

"ஒரு வார்த்தை சொல்லலையே அண்ணே."

"நீ சொல்லலையே. நான் ஏன் சொல்லணும்?"

ஒன்மோருக்கு இந்த வேடிக்கை பிடிக்கவில்லை. "அப்ப எல்லாருக்கும் தெரியும், நான் மட்டும்தான் கேணை" என்றார்.

"எல்லாரும் இல்ல. நான் ஒருத்தன்தான்."

"எனக்கு இருக்கிற தலைவலி உங்களுக்குப் புரியுதாக்கா? மேலேயிருந்து கடைசி நிமிஷத்துல வரி மாறும். காலையில வரும், மத்தியானம் முடிச்சுக் குடுக்கணும். அப்ப என்ன பண்ணுவீங்க? அண்ணிக்கு விமானம் அனுப்பறதா?"

"சொல்லுங்க, பேசறேன்."

"யார் சொல்றது?"

"யாராவது."

"அந்த யாராவதுக்கு இங்க ஆள் இல்லக்கா."

அவர் சொன்னதில் தப்பொன்றும் இல்லை. முன்பு பேச வைத்துப் பார்த்த நான்கைந்து பேரில் ஒருத்தி பக்கத்துத் தெருவிலேயே இருந்தாள். குரல் இதைவிட ஒரு மாற்றுக் குறைவு, ஆனால் தாளை நீட்டினால் தடதடவென்று வாசிப்பாள். ஒன்மோர் போனை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டதைச் சின்னவன் பார்த்தாள். யாருக்குப் போகும் போன் என்றும் தெரியும்.

"நான் சொல்றேன்" என்றார் ஒலிப்பதிவாளர். "வெளியில என்கிட்ட ஒரு மைக் இருக்கு. பொத்தானை அமுக்கினா அவ ஹெட்போன்ல மட்டும் கேட்கும். வெட்டற வேலையும் மிச்சம். இன்னைக்கு ஒரு பாகம் எடுத்துப் பாருங்க. சரிப்படலைன்னா போனைப் போடுங்க."

ஒன்மோர் போனைச் சட்டைப்பையில் போட்டார். "ஒரு பாகம்" என்றார்.

மழைக் காட்சியில் ஆரம்பித்தார்கள். அது ஒலிப்பதிவாளரால் கெட்டது. அவருக்கும் வாழ்க்கையில் ஓர் ஆசை இருந்திருக்கிறது போல. பொத்தானை அமுக்கியதும், கரகரத்த குரலை எட்டுக்கட்டைக்கு ஏற்றி, "ஹையா... மழை... மழை!" என்று சின்னவன் காதில் துள்ளினார். அவள் ஹெட்போனைக் கழற்றிக் காதைத் தேய்த்தாள்.

"அண்ணே, கும்பிடறேன், நடிக்காதீங்க. நீங்க நடிச்சா நான் உங்களை மாதிரியே பேசிடுவேன். அப்புறம் பையனுக்கு மீசை முளைச்சிடும்."

"உணர்ச்சி வேண்டாமா?"

"அதை நான் போட்டுக்கறேன். நீங்க மளிகைச் சாமான் படிக்கற மாதிரி படிங்க."

அவர் முகம் தொங்கிப்போனாலும் படித்தார். அவர் ஒரு வரி. அவள் ஒரு வரி. நீளமான இடங்களில் மூன்று வரி சேர்த்துக் கொடுத்தார். அவள் சேர்த்து வாங்கிக்கொண்டாள். இரண்டு இடத்தில் தடுமாறினாள், ஓரிடத்தில் டிராகன் பேசவேண்டியதை அவர் தவறிப் படித்துவிட, அவள் அதையும் பையனாகப் பேசிவைத்தாள். திரும்ப எடுத்தார்கள். முடிந்தபோது மற்றவர்களுக்கு ஆகிற நேரத்தைவிட ஒன்றரை மடங்கு ஆகியிருந்தது. அதை யாரும் இல்லையென்று சொல்லவில்லை.

ஒன்மோர் முழுதையும் ஓட்டிப் பார்த்தார். நனைந்துபோன பையன் தும்மிக்கொண்டே, தனக்கு ஒன்றும் குளிரவில்லை என்று பொய் சொன்னான்.

"குரல்ல குறையில்ல. நேரம்தான் போகுது" என்றார். "இந்தத் தொடர் முடியறவரைக்கும் இப்படியே ஓட்டுவோம். வசன உதவியும் உண்டு. நீங்க வாயால சொல்லுங்க, நான் எழுதிக்கறேன். ஆனா அடுத்த தொடர்லேர்ந்து கம்பெனியே முறையை மாத்தறாங்க. திரையிலயே கீழ வரி ஓடும், பார்த்துக்கிட்டே பேசணும். சொல்லிக் குடுக்க இடமே கிடையாது. அதுல என் பேச்சு எடுபடாது. இப்பவே சொல்லிட்டேன்."

"அது எப்ப சார்?"

"அடுத்த வருஷம்." கிளம்பும்போது நின்று, ஏதோ ஞாபகம் வந்தவராக, "எங்க அக்கா பையன் ஒருத்தன் இருக்கான். இதே கதைதான். வாய் கிழியும், புத்தகம் எடுத்தா வயித்துவலி. ஒரு டீச்சர்கிட்ட போறான். நம்பர் தரட்டுமா?" என்றார்.

"பையனுக்கு என்ன வயசு?"

"எட்டு."

"அங்க நான் போய் எங்க உக்கார்றது?"

"எல்லாரும் உங்களை என்னன்னு கூப்பிடறாங்க?" என்று கேட்டுவிட்டு ஒன்மோர் படியிறங்கிப் போனார்.

அந்த டீச்சரின் இடம் மருந்துக்கடைக்கு மேலே ஓர் அறை. நாற்காலிகளெல்லாம் முழங்கால் உயரம். டீச்சர் சின்னவனைவிட வயதில் இளையவள். தன் நாற்காலியை அவளுக்குக் கொடுத்துவிட்டுக் குட்டி நாற்காலியில் தான் உட்கார்ந்தாள். முதலில் காதைச் சோதித்தாள். ஒரு சொல்லைச் சொல்லி, முதல் சத்தத்தை எடுத்துவிட்டுச் சொல்லச் சொன்னாள், நடுச் சத்தத்தை மாற்றச் சொன்னாள், தலைகீழாகச் சொல்லச் சொன்னாள். சின்னவன் எல்லாவற்றையும் பந்து பிடிப்பதுபோல் பிடித்தாள்.

"முக்கால்வாசிப் பேருக்கு இங்கதான் இடிக்கும். உங்களுக்கு இங்க ஒண்ணுமே இல்லையே" என்றாள் டீச்சர். பிறகு ஓர் அட்டை நிறைய எழுத்துகளைக் காட்டி, நிற்காமல் வேகமாகச் சொல்லச் சொன்னாள். பாதி வரியில் சின்னவனுக்கு மூச்சு வாங்கியது.

"இதுதான். எழுத்தோட பேர் உங்களுக்குத் தெரியும். பேர் வாசலுக்கு வர நேரமாகுது. ஒண்ணு வரதுக்குள்ள இன்னொண்ணு கதவைத் தட்டுது."

"எனக்கு மட்டும் ஏன் டீச்சர்? எங்க அண்ணனும் அதே வீட்டுலதான் வளர்ந்தாரு. அவர் ஒண்ணும் மேதை கிடையாது. கட கடன்னு படிக்கறாரு."

"பேச்சு கேட்டாலே வந்துடும். வாசிப்பு யாருக்கும் தானா வராது. கண்ணுக்கும் காதுக்கும் நடுவுல புதுசா ஒரு ரோடு போடணும். சிலருக்குத் தரை வாகா இருக்கும், ஒரு வருஷத்துல போட்டுடலாம். சிலருக்குக் கல்லும் பள்ளமும். அதுல கெட்டிக்காரன் மக்குன்னு கணக்கு இல்ல."

"எனக்கு ரோடு போட்டு முடியுமா?"

"முடியும். உங்க அண்ணன் வேகம் வராது. அதை இப்பவே சொல்லிடறேன்."

"திரையில கீழ வரி ஓடுமாம். அந்த வேகமாவது வருமா?"

டீச்சர் அட்டையை எடுத்து ஓரமாக வைத்தாள். "ஒரு வருஷம் இருக்கில்ல? பார்க்கலாம்" என்றாள். வரும் என்று சொல்லாதது சின்னவனுக்குப் பிடித்திருந்தது.

அப்படியே சில வாரங்கள் போயின. இரண்டு இரண்டு எழுத்தாக, பிறகு சின்னச் சின்னச் சொல்லாக. ஒருநாள் டீச்சர் உற்சாகமாக, "இன்னைக்கு உங்களுக்குப் பிடிச்சதா ஒண்ணு எடுப்போம். உங்க தொடரோட தாள் ஏதாவது இருக்கா?" என்று கேட்டாள். பையில் இருந்தது. சின்னவன் எடுத்து விரித்தாள். டீச்சர் விரலை வைத்துக் காட்ட, அவள் ஆரம்பித்தாள். முதல் சொல் மெதுவாக வந்தது. இரண்டாவதும். மூன்றாவதிலிருந்து தண்ணீர் திறந்துவிட்டதுபோல் ஓடியது. டீச்சரின் முகம் மலர்ந்துகொண்டே போனது. எதிர்ச்சுவர் ஓரமாகப் பிள்ளைக்காகக் காத்திருந்த ஒரு தாய்கூட, "பரவாயில்லையே" என்றாள்.

இன்னும் இரண்டு வரி போயிருந்தால் அந்தப் பக்கம் முடிந்திருக்கும். சின்னவன் நிறுத்தினாள்.

"ஏன், நல்லாத்தானே போகுது?"

"நான் வாசிக்கல டீச்சர். முதல் ரெண்டு சொல்லுலயே எந்த இடம்னு தெரிஞ்சிடுச்சு. மீதி வாய்ல வந்துது. கண்ணு இன்னும் ரெண்டாவது வரியிலதான் நிக்குது."

டீச்சர் சுவரோரத் தாயைப் பார்த்தாள், தாளைப் பார்த்தாள்.

"இதைக் கையில குடுத்தா நான் உங்களையே ஏமாத்திடுவேன். எங்க பள்ளிக்கூடத்துல எல்லாரையும் இப்படித்தான் ஏமாத்தினேன். எனக்குத் தெரியாதது ஏதாவது குடுங்க."

டீச்சர் மேசையைத் துழாவினாள். பிள்ளைகளின் கதைப் புத்தகங்களில் படம் இருந்தது. படத்தைப் பார்த்தே இவள் கதையைச் சொல்லிவிடுவாள். கடைசியில் அலமாரிக்கு மேலிருந்து, புதிதாக வாங்கின மின்விசிறியோடு வந்த விளக்கத் தாளை எடுத்தாள். எப்படிப் பொருத்துவது, எதைத் தொடக்கூடாது என்று நெருக்கி அச்சடித்த சுத்தமான எழுத்து. அதில் யாரும் பேசவில்லை, யாரும் அழவில்லை.

சின்னவன் தாளை அருகில் இழுத்துக்கொண்டாள். முதல் எழுத்தைப் பார்த்தாள். பேரைக் கூப்பிட்டாள், வந்தது. அடுத்ததைக் கூப்பிட்டாள். கீழே மருந்துக்கடையில் ஷட்டரைத் தூக்குகிற சத்தம். மூன்றாவதற்குப் போகும்போது முதலாவது நழுவப் பார்த்தது. திரும்பப் போய்ப் பிடித்துக்கொண்டு வந்தாள்.

"அப்புறம்?" என்றாள் டீச்சர்.

"அவசரப்படுத்தாதீங்க டீச்சர்" என்றாள் சின்னவன், தாளிலிருந்து கண்ணை எடுக்காமல். "இது என்னன்னு எனக்கு நிஜமாவே தெரியாது."